பொன்னாத்தாவின் நடுவயது

தமிழ் சினிமாவில் மனிதர்களுக்கு இரண்டே வயதுகள்தான். காதலிக்கிற வயது ஒன்று. தியாகம் செய்கிற வயது மற்றொன்று. முன்னதிலிருந்து பின்னதற்கு ஒரு பாட்டின் இரண்டு சரணங்களுக்கிடையில் போய்ச் சேர்ந்துவிடலாம். காதோரம் கொஞ்சம் வெள்ளை தடவினால் போதும். இடையில் கிடக்கும் இருபது முப்பது வருஷங்கள், மனிதன் தான் எடுத்த முடிவுகளோடும் தனக்காகப் பிறர் எடுத்த முடிவுகளோடும் இருந்து தீர்க்க வேண்டிய வருஷங்கள், நம் திரையில் அநேகமாக இல்லை. இந்த இன்மையை ஜனரஞ்சகத்தின் தலையில் மட்டும் கட்டிவிட முடியாது. வாழ்க்கையை ஆசிரமங்களாகப் பிரித்துப் பார்த்த மரபிலும் கிருகஸ்தனுக்கு அடுத்தவன் வானப்பிரஸ்தன்தான். காட்டுக்கும் போகாமல், வீட்டில் இருந்துகொண்டே வீட்டில் இல்லாமற்போகிறவனுக்கு அங்கே பெயர் கிடையாது. பெண்ணுக்கோ அந்த வரிசையில் தனி இடமே கிடையாது.

தொல்காப்பியம் சற்றுக் கண் திறந்து பார்த்திருக்கிறது. இளமை நீங்கிய பின் வரும் காமத்தை அது பெருந்திணையில் சேர்க்கிறது. அந்த இடத்துக்கு உரை செய்யும் இளம்பூரணர் இதில் மூன்று நிலைகளைக் காண்கிறார்: ஆண் முதியவனாகிப் பெண் இளையவளாக இருப்பது, பெண் முதியவளாகி ஆண் இளையவனாக இருப்பது, இருவருமே இளமை கடந்தவர்களாக இருப்பது. பொருந்தாக் காமம் என்று ஒதுக்கியதில் நமக்கு உடன்பாடு இல்லாமல் இருக்கலாம். ஆனால் ஒதுக்குவதற்காகவாவது மூன்றையும் அவர் எண்ணிப் பார்த்திருக்கிறார். நம் சினிமா முதல் நிலையை மட்டும் எடுத்துக்கொண்டு, அதைப் பெருந்திணையிலிருந்து விடுவித்து, ஆறும் காற்றும் குயிலும் சூழக் குறிஞ்சியில் கொண்டுபோய் வைத்துவிட்டது. மற்ற இரண்டு நிலைகளுக்கும் அங்கே இடமில்லை. 1985இல் வந்த பாரதிராஜாவின் ‘முதல் மரியாதை’யை இந்த எண்ணிக்கையை மனதில் வைத்துக்கொண்டுதான் நான் பார்க்கிறேன்.

அந்தப் படத்தை எடுத்துக்கொள்வதற்குக் காரணம் அது மோசமான படம் என்பதல்ல. மோசமான படங்களைப் பற்றிச் சொல்ல எதுவுமில்லை. ஆர். செல்வராஜின் கதை, இளையராஜாவின் இசை, சிவாஜி கணேசனின் முகம் எல்லாம் கூடிவந்த படம் அது. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. பாடல்களுக்காக வைரமுத்துவுக்கும் கிடைத்தது. நாற்பது வருஷங்களாக, நடுவயது மனிதனின் தனிமையைத் தமிழில் நுட்பமாகச் சொன்ன படம் எது என்று கேட்டால் அநேகமாக எல்லோரும் சொல்லும் பெயர் இதுதான். ரசிகர்கள் மட்டுமல்ல, தமிழ் சினிமாவைத் தூக்கியெறிந்து பேசுகிற நம்மவர்களும் இந்தப் படத்துக்கு மட்டும் சற்றுக் குரலைத் தாழ்த்திக்கொள்கிறார்கள். அந்த மரியாதையில் நியாயம் உண்டு. அதனாலேயே அது பரிசோதனைக்கும் உரியதாகிறது. ஒரு சமூகத்தின் கற்பனை எவ்வளவு தூரம் போகும், எந்த இடத்தில் பயந்து திரும்பும் என்பதை அதன் நல்ல படங்கள்தாம் காட்டிக்கொடுக்கும்.

பாரதிராஜாவின் முந்தைய படங்களில் கிராமத்தின் பெரிய மனிதர்களுக்கு ஒரு நிரந்தர வேஷம் உண்டு. இளம் காதலர்களை நசுக்குகிறவர்கள் அவர்கள். 1979இல் வந்த ‘புதிய வார்ப்புக’ளில் ஊரின் பெரிய மனிதர் ஒருவர் இளம்பெண்ணுக்கு ஆசைப்படுகிறார்; அதற்காக எதையும் செய்கிறார். அங்கே அந்த ஆசைக்கு ஒரே பெயர்தான்: அயோக்கியத்தனம். ஆறு வருஷம் கழித்து அதே இயக்குநர் அதே மாதிரி ஊரில் அதே மாதிரி பெரிய மனிதரின் வீட்டுக்குள் காமிராவை எடுத்துச் செல்கிறார். இவரும் இளம்பெண்ணிடம் மனம் சாய்கிறவர்தான். இப்போது அந்தச் சாய்வுக்குப் பெயர் காதல். வில்லனின் இடத்தில் ஒரு மனிதனை வைத்துப் பார்க்க முடிந்தது பாரதிராஜாவின் வளர்ச்சி, மறுக்க வேண்டியதில்லை. ஆனால் அயோக்கியத்தனம் காதலாக மாறுவதற்கு இந்தப் படம் கொடுத்த விலை என்ன, அதை யார் கொடுத்தார்கள் என்பதுதான் கேள்வி.

விலையைப் பற்றிப் பேசுமுன், கிடைத்ததைப் பற்றிச் சொல்ல வேண்டும். படம் வந்தபோது சிவாஜிக்கு வயது 56. ‘பராசக்தி’ 1952இல் வந்தது. இடைப்பட்ட முப்பத்து மூன்று வருஷங்களில் தமிழனுக்குக் கோபிக்கவும் அழவும் உறுமவும் கற்றுக்கொடுத்த உடம்பு அது. அந்த நடிப்பு முறை நாடக மேடையிலிருந்து வந்தது. கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் கேட்க வேண்டும் என்கிற அறத்தைக் கொண்டது. எண்பதுகளில் அந்தக் கடைசி வரிசை கலைந்துவிட்டிருந்தது. காமிரா முகத்துக்குப் பக்கத்தில் வந்துவிட்ட பிறகும் முகம் தூரத்தில் இருப்பவனோடு பேசிக்கொண்டிருந்தது. ஒரு மகா கலைஞன் தன் பாஷை காலாவதியாகிக்கொண்டிருப்பதைத் தன் கண்ணாலேயே பார்க்க நேர்ந்த காலம் அது. நடுவயதின் நெருக்கடி என்பதும் வேறென்ன? நாம் கற்ற பாஷையில் நம்மிடம் பேச ஆளில்லாமற்போவதுதான்.

‘முதல் மரியாதை’யில் மலைச்சாமியாக வரும் சிவாஜியிடம் இந்த அனுபவம் சேகரமாகியிருக்கிறது. வசனத்தின் பிடியிலிருந்து உடம்பு விலகியிருக்கிறது. ஆற்றங்கரையில் சும்மா நிற்கிறார். சும்மா நிற்பது இந்த நடிகருக்கு எவ்வளவு கஷ்டமான காரியம் என்பது அவருடைய மற்ற படங்களைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். படகோட்டிப் பெண் குயிலின் குடிசையில் உட்கார்ந்து மீன் சாப்பிடுகிறார். அந்தக் காட்சியில் காதல் வசனம் கிடையாது, கண் ஜாடை கிடையாது, ருசிதான் உண்டு. பல வருஷங்களாகக் கடமைக்காகத் தின்ற வாய் ஒரு நாள் ருசிக்காகத் தின்கிறது. கை, வாய், முகத்தில் படரும் வெட்கம் கலந்த சந்தோஷம். தமிழ் சினிமா காமத்தைப் பற்றிச் சொன்ன உண்மைகளில் இது ஒன்று என்று எனக்குத் தோன்றுகிறது. உடம்பின் பசி என்று பேச்சில் சொல்கிறோமே, அதை இங்கே உருவகமாக்காமல் பசியாகவே காட்டிவிட்டார் பாரதிராஜா.

இளவட்டக்கல் காட்சி இன்னும் ஒரு படி மேலே போகிறது. ஊர்ப் பொதுவில் கிடக்கும் உருண்டைக் கல். தூக்கித் தோளுக்கு மேலே போடுகிற வாலிபனுக்குத்தான் பெண் கொடுப்பார்கள் என்பது பல கிராமங்களின் பழைய வழக்கம். பெயரிலேயே வயது இருக்கிறது. இந்த மனிதர் அதைத் தூக்க முயல்கிறார். குயிலோடு நடக்கும் விளையாட்டுப் பேச்சு கல்லின் மேல் வந்து உட்கார்ந்துகொள்கிறது. வெறும் பந்தயமாகத் தொடங்கியது உடம்பின் கடைசி விண்ணப்பமாகிவிடுகிறது. தூக்கிவிட்ட பின் அந்த முகத்தில் வெற்றி மட்டும் இல்லை, ஒரு திருட்டுத்தனமும் இருக்கிறது. தன் வயதுக்கு உரிமையில்லாத ஒன்றை எடுத்துவிட்டோம் என்கிற பிரக்ஞை. இப்படிப்பட்ட இரண்டு மூன்று இடங்களில் படம் தன் விஷயத்தைத் தொட்டுவிடுகிறது. காலம் போய்விட்டது, அதை யாரிடமும் போய்க் கேட்க முடியாது என்கிற எளிய பயங்கரம் தெரிகிறது.

தெரிந்ததும் படம் ஓட ஆரம்பிக்கிறது. ஓடி ஒளிந்துகொள்ளும் இடத்துக்குக் கதை என்று பெயர்.

மலைச்சாமியின் மனைவி பொன்னாத்தாள். வடிவுக்கரசி நடித்திருக்கிறார். வந்த நேரம் முதல் ஏசுகிறாள். சோறு போடும்போதும் ஏசுகிறாள். அவள் வாயிலிருந்து ஒரு நல்ல வார்த்தை விழுந்துவிடக் கூடாது என்று திரைக்கதை விழிப்பாக இருக்கிறது. பார்வையாளன் குயிலின் குடிசைக்கு மனச்சாட்சி உறுத்தாமல் போய்ச் சேர வேண்டுமென்றால் வீடு நரகமாக இருந்தாக வேண்டும் அல்லவா? அதுவும் போதவில்லை. அவளுக்கு ஒரு ரகசியமும் தரப்படுகிறது. கல்யாணத்துக்கு முன்பே அவள் வேறொருவனின் குழந்தையைச் சுமந்தவள். அவளுடைய தகப்பனின் மானத்தைக் காப்பாற்றுவதற்காக மலைச்சாமி அவளுக்குத் தாலி கட்டினார். தாலி கட்டினாரே தவிர அவளோடு தாம்பத்தியம் நடத்தவில்லை. ஊருக்குப் புருஷன் பெண்டாட்டி. வீட்டுக்குள் இரண்டு அந்நியர்கள். அவர் மகளாக வளர்ந்தவள் அவர் மகளல்ல. இந்த ரகசியம் படத்தின் பிற்பகுதியில் வெளிப்படும்போது அரங்கம் அவருக்காகக் கண்ணீர் விடுகிறது. எவ்வளவு பெரிய மனசு!

அந்தப் பெரிய மனசைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். அந்த மகள் வளர்ந்து கல்யாணமாகிப் புருஷனோடு வருகிறாள். ஆகவே இந்தத் தம்பதியின் வாழ்க்கை இருபது வருஷத்துக்குக் குறையாது. இருபது வருஷம் ஒரு பெண், தன்னை மன்னித்துவிட்ட ஒருவரின் வீட்டில் வாழ்ந்திருக்கிறாள். மன்னிப்பு ஒரு தடவை நடந்து முடிந்துபோகிற காரியம் அல்ல அங்கே. ஒவ்வொரு ராத்திரியும் அவர் தனியே படுக்கும்போது அது மறுபடி வழங்கப்படுகிறது. ஒவ்வொரு விடியலிலும் அவள் மறுபடி குற்றவாளியாக எழுகிறாள். கைநீட்டி அடித்திருந்தால் அவளும் திருப்பி ஏசி, அழுது, ஒருவேளை ஒரு நாள் சமாதானமாகியிருக்கலாம். தொடாமல் இருப்பதற்கு மேல்முறையீடு கிடையாது. ஊர் முழுதும் கும்பிடுகிற மனிதனிடம் தனக்கு நேர்வது இன்னதென்று அவள் யாரிடம் சொல்வாள்? ஏசத்தான் முடியும். அவள் ஓயாமல் ஏசுவது குணக்கேடு என்கிறது படம். அந்த வீட்டில் அவளுக்கு மிச்சமிருந்த ஒரே பாஷை அதுதான் என்பதைப் படம் பார்க்கவில்லை. வடிவுக்கரசி பார்த்திருக்கிறார் என்று சில நேரம் சந்தேகம் வருகிறது. அந்தக் குரலின் உச்சத்தில் ஆத்திரம் மட்டும் இல்லை, கவனிக்கப்பட வேண்டும் என்கிற கெஞ்சலும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இங்கே நடுவயதில் இருப்பவர்கள் இரண்டு பேர். வாழாத வாழ்க்கையைச் சுமப்பவர்களும் இரண்டு பேர். ஆனால் ஒருவருடைய இழப்புக்கு ஆறும் படகும் பாட்டும் கிடைக்கின்றன. மற்றவருடைய இழப்பு சமையல்கட்டுச் சத்தமாக மட்டும் கேட்கிறது. இளம்பூரணரின் கணக்கில் மூன்றாவதாக வந்த நிலை இந்த வீட்டுக்குள்ளேயே இருக்கிறது. இளமை போன இருவர், ஒரே கூரை, பேசாமல் விட்ட ஒரு விஷயம். அதைத் தொட்டிருந்தால் அது தமிழ் சினிமா அறியாத ஒரு உக்கிரமான காதல் கதையாக, அல்லது காதலின்மையின் கதையாக ஆகியிருக்கும். படம் அதைத் தாண்டி ஆற்றுக்குப் போய்விடுகிறது.

“இது மலைச்சாமியின் கதை, பொன்னாத்தாளின் கதை வேறொரு படம்” என்று சொல்லக்கூடும். கலைஞன் எதைத் தேர்ந்தெடுக்கிறானோ அதை வைத்துத்தான் அவனைப் பார்க்க வேண்டும் என்கிற வாதம் எனக்கும் சம்மதமே. ஆனால் பொன்னாத்தாளின் கதையை நான் வெளியிலிருந்து கொண்டுவரவில்லை. படமே அதைத் தன் அஸ்திவாரத்தில் புதைத்து வைத்திருக்கிறது. அது மட்டுமல்ல, அந்தக் கதை ஒரு நாள் எழுந்து ஊருக்குள் வருகிறது. மயில்வாகனம் என்று பெயர் அதற்கு. அவளுடைய பழைய மனிதன், மகளின் தகப்பன், சத்யராஜ் நடித்த பாத்திரம், சிறையிலிருந்து வெளியே வந்து இந்த ஊரைத் தேடி வருகிறான்.

இந்த வருகையின் பொருளைக் கவனியுங்கள். நடுவயதின் நெருக்கடி என்பதற்கு இதைவிட ஸ்தூலமான படிமம் கிடைக்காது. இருபது வருஷத்துக்கு முன் விட்டுவந்த வாழ்க்கை ஆற்றின் அக்கரையில் வந்து நிற்கிறது, படகுக்குக் காத்திருக்கிறது. அது இக்கரை வந்து சேர்ந்தால் என்ன ஆகும்? பொன்னாத்தாள் அவனை என்ன முகத்தோடு பார்ப்பாள்? வெறுப்பாளா, நடுங்குவாளா, ஒரு நிமிஷம், ஒரே ஒரு நிமிஷம், அவள் ஏசாமல் நிற்பாளா? மகளுக்கு எதைச் சொல்வாள்? மலைச்சாமி எங்கே நிற்பார்? குயிலின் குடிசைக்குப் போய்வந்த தன் கால்களைப் பற்றி அப்போது அவர் என்ன நினைப்பார்? தன்னைப் போலவே அவளும் ஒரு பழைய பசியோடு இருந்தவள்தான் என்று அவருக்கு ஒரு கணம் தோன்றுமா? இந்தப் படம் கேட்டிருக்க வேண்டிய கேள்விகள் எல்லாம் அந்த அக்கரையில் வந்து நிற்கின்றன.

படகில் ஏறுகிறான். குயில் அவனைக் கொன்றுவிடுகிறாள்.

பெரியவரின் மானத்துக்காகக் கொன்றாள் என்று படம் சொல்கிறது. ஏன் கொன்றாள் என்பதை யாருக்கும் சொல்லாமல் ஜெயிலுக்கும் போகிறாள். காதலின் உச்சம் என்று அதைக் கொண்டாடுகிறோம். நடந்தது என்ன? ஒரு பெண்ணின் நடுவயது, கரை சேருவதற்கு முன், நடு ஆற்றில் கொல்லப்பட்டது. கொன்றவளும் ஒரு பெண். இரண்டு பெண்களும் தங்களுக்குள் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. பேச அவர்களுக்கு ஒரு காட்சி தரப்படவில்லை. மலைச்சாமி ஒரு துரும்பையும் கிள்ளிப்போடாமல், அவருக்காக ஒரு கதை அழிக்கப்படுகிறது, ஒரு ஆயுள் சிறைக்குப் போகிறது. அவர் கையில் ரத்தம் இல்லை. அவர் ஆசைப்பட்டதாகக்கூட ஊர் சாட்சி சொல்ல முடியாது. தன் ஆசைக்குப் பொறுப்பேற்காமலே அதன் பூரண பலனையும் அடைந்துவிடுகிற மனிதனின் சரித்திரமாக அது முடிகிறது.

மருமகனின் கிளைக்கதையும் இதே வேலையைத்தான் செய்கிறது. செருப்புத் தைப்பவரின் மகளான செவுளியை மலைச்சாமியின் மருமகன் நகைக்காகக் கொன்றுவிடுகிறான். மலைச்சாமி அவனைக் காட்டிக்கொடுக்கிறார். நியாயவான்தான். சாதி தாண்டிய கல்யாணத்துக்குத் துணை நின்றவர், தாழ்ந்த குடிசைக்காகச் சொந்த வீட்டைப் பகைத்துக்கொள்கிறவர் என்பதெல்லாம் உண்மை. ஆனால் அந்த மருமகன் யாருடைய மகளின் புருஷன்? அந்த வீட்டில் விதவைக்குச் சமமாக்கப்படுகிறவள் பொன்னாத்தாளின் மகள். தாயின் கறை மகளின் வாழ்க்கையிலும் படிந்ததுபோல ஒரு வரிசை அமைந்துவிடுகிறது. மலைச்சாமியின் நியாயம் ஒவ்வொரு தடவை பிரகாசிக்கும்போதும் பொன்னாத்தாளின் பக்கத்தில் ஒரு விளக்கு அணைகிறது. திரைக்கதைக்காரரின் திட்டம் இது என்று நான் சொல்லவில்லை. திட்டமிடாமல் நேர்வதுதான் அதிகக் கவலை தருவது.

எல்லாவற்றுக்கும் சாவி தலைப்பில் இருக்கிறது. முதல் மரியாதை என்பது வெறும் பண்புப் பெயர் அல்ல. கோயில் திருவிழாவில் பரிவட்டம், மாலை, தீர்த்தம், விபூதி இவையெல்லாம் யாருக்கு முதலில் தரப்படுகின்றன என்பது. தமிழ்நாட்டு ஊர்களில் நிலம், சாதி, ஆதிக்கம் எல்லாம் கூடி முடிச்சிட்ட இடம். வெள்ளைக்காரன் காலத்திலிருந்தே இந்த உரிமைக்காக மனிதர்கள் நீதிமன்றப் படியேறியிருக்கிறார்கள், வெட்டிக்கொண்டும் இருக்கிறார்கள். ஊரில் முதல் மரியாதை பெறுகிறவனுக்கு வீட்டில் மரியாதை இல்லை. அதை ஒரு படகோட்டிப் பெண் தருகிறாள் என்பது தலைப்பின் அர்த்தம். அழகான முரண்தான். ஆனால் இதன் உள்ளே என்ன நடந்திருக்கிறது என்று பாருங்கள். காலத்தைப் பற்றிய கேள்வி மரியாதையைப் பற்றிய கேள்வியாக மாற்றப்பட்டுவிட்டது. காலம் போய்விட்டது என்றால் அதற்குப் பரிகாரம் இல்லை. மரியாதை கிடைக்கவில்லை என்றால் பரிகாரம் உண்டு; யாராவது கொடுத்துவிடலாம். நடுவயதின் துக்கம் ஒரு பாக்கியாக எழுதப்பட்டு, ஒரு இளம்பெண்ணின் பெயரில் பற்று வைக்கப்படுகிறது.

அந்த இளம்பெண்ணுக்கு என்ன வேண்டும் என்று படத்துக்குத் தெரியாது. குயிலுக்குச் சிரிப்பு இருக்கிறது, துடுக்கு இருக்கிறது, உழைப்பு இருக்கிறது. சொந்தமாக ஒரு ஆசை இல்லை. அவளுடைய உடம்பு ராதாவினுடையது, குரல் ராதிகாவினுடையது. இரவல் குரல் நம் சினிமாவில் சகஜம்தான். ஆனாலும் இந்தப் படத்தில் அது ஒரு உண்மையைத் தன்னையறியாமல் சொல்லிவிடுகிறது. இளமையான முகம், அதைவிடப் பழுத்த, வாழ்க்கை பார்த்த குரல். நடுவயது ஆணுக்கு வேண்டியது இந்த இரண்டும் ஒரே ஆளிடம். உலகத்தில் கிடைக்காதது படத்தொகுப்பு அறையில் கிடைக்கிறது.

இதற்கு நாலு வருஷம் முன்னால், 1981இல், பக்கத்து மொழியில் அடூர் கோபாலகிருஷ்ணன் ‘எலிப்பத்தாயம்’ எடுத்தார். அதிலும் ஒரு நடுவயது மனிதன், உண்ணி. அவனுக்கும் குடும்ப கௌரவம்தான் முதுகெலும்பு, அதுதான் முடக்குவாதமும். பழைய வீடு, மூன்று சகோதரிகள், எலிப்பொறி. உண்ணியின் பயத்தை அடூர் அங்குலம் அங்குலமாகக் காட்டுகிறார், கேலி செய்யவில்லை. ஆனால் அவனுக்காக வாதாடவும் இல்லை. அவன் வராந்தாவில் உட்கார்ந்திருக்கும் நேரத்தில் வீட்டுக்குள் ராஜம்மா என்ன செய்துகொண்டிருக்கிறாள் என்பதைக் காமிரா மறக்கவே இல்லை. அவளுடைய உழைப்பின் மேல்தான் அவனுடைய சோம்பல் உட்கார்ந்திருக்கிறது. அவள் நோயில் விழுந்து வெளியே கொண்டுபோகப்பட்டதும் அவன் எலியாகிவிடுகிறான். ஒரு ஆணின் சரிவைச் சொல்ல அவனைச் சுமக்கிற பெண்ணைப் பார்த்தே ஆக வேண்டும். இது இரக்க சம்பந்தமான விஷயமல்ல, பார்வையின் முழுமை சம்பந்தமான விஷயம். ராஜம்மாவைப் பார்த்ததால்தான் உண்ணி நமக்கு முழுசாகத் தெரிகிறான். பொன்னாத்தாளைப் பார்க்காததால் மலைச்சாமியும் பாதிதான் தெரிகிறார். தன் பெருந்தன்மையே ஒரு பெண்ணின் வாழ்க்கையைத் தின்றது என்று அவர் ஒரு கணம் அறிந்திருந்தால், அந்த மரணப் படுக்கைக்கு வேறொரு கனம் வந்திருக்கும். இப்போது அவர் காத்திருப்பது குயிலுக்காக மட்டும். தன்னை அறிவதற்காக அல்ல.

‘முதல் மரியாதை’ தனி நிகழ்ச்சியும் அல்ல. அதே 1985இல் பாலசந்தரின் ‘சிந்து பைரவி’ வந்தது. இடம் கிராமமல்ல, சங்கீத சபை. ஆள் பஞ்சாயத்துப் பெரியவர் அல்ல, கர்நாடக சங்கீத வித்வான் ஜே.கே.பி. ஆனால் சட்டகம் அச்சாக அதே. மனைவி பைரவிக்குச் சங்கீத ஞானம் இல்லை, குழந்தையும் இல்லை. சிந்துவுக்கு ஞானம் இருக்கிறது. சபையில் எழுந்து நின்று தமிழில் பாடச் சொல்லித் தட்டிக்கேட்கிற துணிச்சலும் இருக்கிறது. அந்த முதல் மோதலில் ஒரு நிஜமான ஆள் தெரிகிறாள். சுஹாசினிக்குத் தேசிய விருது கிடைத்ததும் பொருத்தமே. ஆனால் முடிவில் அவள் செய்வது என்ன? அவருக்குப் பெற்ற குழந்தையைப் பைரவியின் கையில் கொடுத்துவிட்டுப் போய்விடுகிறாள். வித்வானுக்குப் பாட்டு திரும்புகிறது, மனைவிக்குத் தாய்மை கிடைக்கிறது. பற்று வரவு நேராகிவிட்டது. குயில் ஜெயிலுக்குப் போனாள், சிந்து ஊரைவிட்டுப் போனாள். ஒரே வருஷத்தின் இரண்டு பெரிய படங்களும், ஆணின் நடுவயதுக் கடனை இளம்பெண்களின் கணக்கில் எழுதித் தீர்த்தன.

பெண்ணுக்கே நடுவயது வந்தால்? அதற்கு முப்பது வருஷம் காத்திருக்க வேண்டியிருந்தது. 2015இல் ‘36 வயதினிலே’ வந்தது, முந்தைய வருஷத்து மலையாளப் படத்தின் தமிழ் வடிவமாக. அரசாங்க குமாஸ்தா வசந்திக்கு வீட்டில் மதிப்பு இல்லை. கணவனுக்கு அவள் ஒரு சங்கடம். நல்ல தொடக்கம். ஆனால் வசந்தியை நோக்கி எந்தப் படகும் வருவதில்லை, யாரும் மீன் பரிமாறுவதில்லை. அவளுக்குத் தரப்படுவது மொட்டைமாடித் தோட்டம். காய்கறி பயிரிட்டு, ஊர் பாராட்டி, ஜனாதிபதி வரை போய்த் தன் மதிப்பை அவள் நிரூபித்துக் காட்ட வேண்டும். ஆண் நடுவயதில் தவித்தால் அவனுக்கு அன்பு. பெண் தவித்தால் அவளுக்கு வேலை. அவன் இருப்பதே போதும். அவள் ஜெயிக்க வேண்டும். தோற்ற வசந்திக்கு, எதையும் பயிரிடாத வசந்திக்கு, திரையில் இன்னும் இடமில்லை. பொன்னாத்தாள் அப்படிப்பட்டவள்தான்.

சமீபத்தில் ஒரு சிறு விரிசல் தெரிகிறது. 2024இல் வந்த பிரேம்குமாரின் ‘மெய்யழக’னில் அருள்மொழி சொத்துத் தகராறில் தஞ்சாவூர் வீட்டை இழந்து போனவன். பல வருஷம் கழித்து ஒரு கல்யாணத்துக்காக நீடாமங்கலம் வருகிறான். அவனை உயிராக நினைக்கிற ஒரு உறவுக்காரன் இரவெல்லாம் அவனோடு பேசுகிறான். இவனுக்கோ அவன் பெயர்கூட ஞாபகமில்லை. அதைச் சொல்ல வெட்கப்பட்டு விடியுமுன் ஓடிப்போகிறான். அளவுக்கு மீறிய இனிப்பு அந்தப் படத்தில் உண்டு; பெண்கள் அதிலும் ஓரத்தில்தான் நிற்கிறார்கள். ஆனால் ஒரு முக்கியமான காரியம் நடந்திருக்கிறது. நடுவயது மனிதன் தனக்கு வரவேண்டிய பாக்கியைத் தேடவில்லை. தான் மறந்துபோன ஒருவனின் வாழ்க்கையில் தான் இருந்திருப்பதை அறிந்து கூனிக் குறுகுகிறான். தன் துக்கத்துக்கு வெளியே இன்னொருவனின் கதை இருக்கிறது என்கிற அந்த வெட்கம்தான் மலைச்சாமிக்கு வாய்க்காதது.

ஏன் வாய்க்கவில்லை என்பதற்குப் பாரதிராஜாவை மட்டும் கேட்டுப் பயனில்லை. நாம்தான் மலைச்சாமிக்காக அழுதோம். நாற்பது வருஷமாக அழுதுகொண்டிருக்கிறோம். அந்த அழுகை முழுதும் பொய் என்று சொல்ல மாட்டேன். மீன் தின்கிற அந்தக் கையும், கல்லைத் தூக்குகிற அந்த முதுகும் உண்மை. ஆனால் தனிமை என்பது ஆணின் உடைமை, ஏசுவது பெண்ணின் இயல்பு என்று எங்கேயோ நமக்குள் முடிவாகியிருக்கிறது. இந்த முடிவு சினிமாவில் மட்டும் இல்லை. நம் சிறுகதைகளில், ஏன், நம் நல்ல கவிதைகளிலும், ஜன்னலோரம் நின்று வாழ்க்கையின் அர்த்தமின்மையைப் பார்க்கிறவன் ஆணாகவே இருக்கிறான். பின்னணியில் பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்கிறது. அந்தச் சத்தம் அவனுடைய ஏகாந்தத்துக்கு இடைஞ்சல் என்றுதான் எழுதுகிறோம். அதுவும் ஒரு ஏகாந்தமாக இருக்கலாம் என்று நமக்குத் தோன்றுவதில்லை.

படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் மலைச்சாமி ஆற்றோரக் குடிசையில் சாகக் கிடக்கிறார். ஊர் கூடி நிற்கிறது. குயில் சிறையிலிருந்து வந்து பார்த்த பிறகுதான் உயிர் போகிறது. பொன்னாத்தாளும் அதே ஊரில்தான் இருக்கிறாள். அவள் யாருக்காகக் காத்திருக்கக்கூடும் என்று படம் கேட்கவில்லை. காத்திருக்கக்கூடியவன் படகிலேயே முடிந்துபோனான். இருவரையும் ஒரே வெளிச்சத்தில் வைத்துப் பார்க்கிற படம் தமிழில் வரும்வரை, நடுவயதைப் பற்றி நாம் படம் எடுத்துவிட்டதாகச் சொல்லிக்கொள்ள வேண்டியதில்லை. அதன் பாதியைத்தான் எடுத்திருக்கிறோம். அதுவும் சுலபமான பாதி.